பெயர் மறந்த அத்தான்: 'மெய்யழகன்' திரைப்படமும் நடுவயது நெருக்கடியும் – ஜொகூர்ச் சூழலை முன்வைத்து

முன்னுரை

சி. பிரேம்குமார் எழுதி இயக்கிய 'மெய்யழகன்' என்னும் திரைப்படம் 2024ஆம் ஆண்டு செப்டம்பர் 27ஆம் நாள் திரைக்கு வந்தது. அதன் கதையைச் சில தொடர்களில் சொல்லிவிடலாம். 1996ஆம் ஆண்டில், சொத்துத் தகராற்றால் தஞ்சாவூரிலுள்ள பரம்பரை வீட்டை இழந்து அருள்மொழி என்னும் இளைஞனின் குடும்பம் சென்னைக்குக் குடிபெயர்கிறது. இருபத்திரண்டு ஆண்டுகள் கழித்து, நடுவயதினராகிவிட்ட அருள்மொழி, தங்கை முறையுள்ள புவனாவின் திருமணத்திற்காக நீடாமங்கலம் செல்கிறார். மண்டபத்தில் ஓர் இளைஞர் 'அத்தான், அத்தான்' என்று அவரை விட்டு நீங்காமல் உடன்வருகிறார். அவர் யாரென்று அருள்மொழிக்கு நினைவில்லை, கேட்பதற்கும் கூச்சம். கடைசிப் பேருந்து தவறிவிட, அன்றிரவை அவ்விளைஞரின் வீட்டிலேயே கழிக்க நேர்கிறது. விடிவதற்குள் சொல்லாமற் கொள்ளாமல் புறப்பட்டுவிடுகிறார்.

ஏறத்தாழ மூன்று மணிநேரம் ஓடிய இப்படம் வெளியான சில நாள்களிலேயே ஏறக்குறைய 18 நிமிடங்கள் குறைக்கப்பட்டது. நீளம் பற்றிய குறையும், கார்த்தி ஏற்ற பாத்திரம் அளவுக்கு மீறிப் பேசுகிறது என்னும் குறையும் பலரால் கூறப்பட்டன. அவற்றை நாம் இங்கு ஆராயப் புகவில்லை. இப்படம் நடுவயது நெருக்கடியைப் பற்றியது என்பதும், அந்நெருக்கடி மேலைநாட்டு உளவியலார் வரையறுத்த வடிவில் இன்றி உறவுமுறையின் வழியாகத் தமிழுக்கே உரிய வடிவில் வெளிப்படுகிறது என்பதும் இக்கட்டுரையின் கருத்தாகும். இதனை ஜொகூர் மாநிலத் தமிழர் வாழ்வோடு பொருத்தி நோக்குவதற்கும் காரணம் உண்டு. வீட்டையும் ஊரையும் ஒருசேர இழந்து, இழந்த இடத்திலிருந்து ஓரிரு மணிநேரத் தொலைவிலேயே நடுவயதை அடைந்த ஒரு தலைமுறை அங்கு இன்றும் வாழ்ந்துவருகிறது.

நடுவயது என்னும் கருத்தாக்கம்

'நடுவயது நெருக்கடி' என்னும் தொடரை அறிவுலகில் நிலைபெறச் செய்தவர் கனடாவில் பிறந்த உளப்பகுப்பாய்வாளர் எலியட் ஜாக்ஸ் ஆவார். 1965ஆம் ஆண்டு வெளிவந்த அவரது கட்டுரை, புகழ்பெற்ற 310 கலைஞர்களின் வாழ்வை ஆராய்ந்து, முப்பதுகளின் நடுப்பகுதியில் அவர்களது படைப்பாற்றல் தடைப்படுவதையோ திசைமாறுவதையோ சுட்டிக்காட்டியது. இனி வாழப்போகும் காலம் வாழ்ந்து முடித்த காலத்தைவிடக் குறைவு என்னும் உணர்வே, அதாவது தன் இறப்பு பற்றிய அறிவே, இதற்குக் காரணம் என்பது அவர் முடிபு. (அக்கட்டுரை வெளிவந்தபோது அவருக்கு வயது 48, அதன் பின்னர் அவர் மேலும் 38 ஆண்டுகள் வாழ்ந்து நிறைய எழுதினார் என்பதையும் சேர்த்து எண்ணிப்பார்க்க வேண்டும்.) பின்னர் இக்கருத்து வெகுமக்கள் நூல்களுக்கும் திரைப்படங்களுக்கும் சென்று சேர்ந்து, வேலையைத் துறத்தல், புதிய மகிழுந்து வாங்குதல், தன்னினும் மிக இளைய பெண்ணிடம் மனம் பறிகொடுத்தல் எனச் சில அடையாளங்களாகச் சுருங்கிப்போயிற்று. 1999இல் வெளிவந்த 'அமெரிக்கன் பியூட்டி' இம்மூன்றையும் ஒரே பாத்திரத்தில் காட்டிய படம்.

இதற்கு மாற்றான கருத்தும் உண்டு. மானிடவியலார் ரிச்சர்ட் ஷ்வேடர் பதிப்பித்து 1998இல் சிக்காகோ பல்கலைக்கழகப் பதிப்பகம் வெளியிட்ட கட்டுரைத் தொகுப்பு, நடுவயது என்பதே ஒரு பண்பாட்டுப் புனைவு என வாதிடுகிறது. ஒடிசாவின் கோயில் நகரத்துப் பெண்கள் தம் வாழ்வை ஆண்டுகளால் அளப்பதில்லை என்றும், மகள், மருமகள், வீட்டை ஆளும் மூத்தவள் எனக் குடும்பத்தில் ஏற்கும் நிலைகளாலேயே பகுத்துக்கொள்கின்றனர் என்றும் அத்தொகுப்பில் காட்டப்படுகிறது. தமிழாய்வாளர்க்கு இது புதிதன்று. பாட்டியல் நூல்கள் பெண்ணின் பருவங்களைப் பேதை முதல் பேரிளம்பெண் ஈறாக ஏழாக வகுத்து, நாற்பதாம் வயதோடு நிறுத்திவிடுகின்றன. பன்னிரு பாட்டியல் ஆணுக்குப் பாலன், மீளி, மறவோன், திறலோன், காளை, விடலை, முதுமகன் எனப் பருவங்கள் கூறுகிறது. முப்பதைக் கடந்தவன் நேரே முதுமகனாகிவிடுகிறான். இடையில் ஒரு படி இல்லை. உலா பாடுவதற்கென வகுத்த இலக்கணத்தை வாழ்வின் இலக்கணமாகக் கொள்ளலாகாது என்பது உண்மைதான். எனினும், இளமைக்கும் முதுமைக்கும் இடைப்பட்ட நெடிய காலத்திற்கு நம் மரபு தனியொரு பெயர் வைக்கவில்லை என்பது நினைவிற்கொள்ளத்தக்கது.

பேச்சு வழக்கோ இக்காலத்தை அறிந்தே வைத்துள்ளது. நாற்பதில் நாய்க்குணம் என்பது பழமொழி. நாற்பதை ஒட்டி வரும் பார்வைக் குறைபாட்டை வெள்ளெழுத்து என்பர். தொலைவிலுள்ளது தெளிவாகத் தெரியும், கையருகே உள்ள எழுத்து மங்கும். அருள்மொழியின் நிலையும் ஏறத்தாழ இதுவே. இருபத்திரண்டு ஆண்டுகளுக்கு முற்பட்ட வீடும் தெருவும் அவருக்குத் துல்லியமாகத் தெரிகின்றன. தோளோடு தோள் உரச நிற்பவர் யாரென்று தெரியவில்லை.

தமிழ்த் திரையில் நடுவயது

நடுவயது ஆணின் மனக்கலக்கம் தமிழ்த் திரைக்குப் புதிதன்று. 1985ஆம் ஆண்டிலேயே அவ்வகையில் இரு சிறந்த படங்கள் வெளிவந்தன. பாரதிராஜாவின் 'முதல் மரியாதை'யில், பெயரளவிலான மணவாழ்வில் காலங்கழித்த ஊர்ப் பெரியவர் மலைச்சாமி, பரிசல் ஓட்டும் குயிலிடம் வாழ்வின் பொருளைக் காண்கிறார். கே. பாலசந்தரின் 'சிந்து பைரவி'யில், இசையறிவில்லாத மனைவியோடு வாழும் பாடகர் ஜே.கே.பி., தம் இசையை வினவத் துணிந்த சிந்துவிடம் ஈர்க்கப்படுகிறார். இரண்டிலும் நெருக்கடி இன்னொரு பெண்ணின் உருவில் வருகிறது. முன்னதில் அது காவியத் தன்மையடைகிறது. பின்னதில் குடும்பச் சிக்கலாகிக் குடிப்பழக்கத்தில் சென்று முடிகிறது. முன்னதே மேலான படைப்பு என்பது எமது கருத்து.

தங்கர் பச்சான் தமது 'கல்வெட்டு' என்னும் சிறுகதையை விரித்து 2002இல் எடுத்த 'அழகி' இப்போக்கில் ஒரு திருப்பமாகும். நகரத்தில் வசதியாக வாழும் சண்முகம், உடன்படித்த தனலட்சுமியைத் தெருவோரத்தில் வறியவளாகக் காண்கிறான். இங்கும் பெண்ணொருத்தி வருகிறாள். ஆயின் அவள் விருப்பத்தின் உருவமாக மட்டும் வரவில்லை, கடனின் உருவமாகவும் வருகிறாள். தான் விட்டுவந்த ஊர் தன்னைத் தேடி நகரத்திற்கு வந்து வாசலில் நிற்பதுபோன்ற நிலை அது. பெண்ணின் நடுவயதைத் தலைப்பிலேயே வைத்த '36 வயதினிலே' (2015) 'ஹவ் ஓல்ட் ஆர் யூ' என்னும் மலையாளப் படத்தின் மறுவாக்கம். கணவனும் மகளும் அயர்லாந்து சென்றுவிட, தனித்து நிற்கும் வசந்தி மாடித்தோட்ட வேளாண்மையின் வழியே தன்னை மீட்டுக்கொள்கிறாள். மீட்சி சற்று எளிதாகவே கிட்டிவிடுகிறது எனினும், எட்டாண்டு இடைவெளிக்குப்பின் ஜோதிகா திரைக்குத் திரும்பிய படம் என்பதால் பாத்திரத்தின் நிலையும் நடிகையின் நிலையும் ஒன்றையொன்று வலுப்படுத்தின.

அத்தகைய வலுவே 'மெய்யழகன்' படத்திலும் செயற்படுகிறது. அரவிந்த் சுவாமி 'ரோஜா' (1992), 'பம்பாய்' (1995) ஆகிய படங்களின் வழியே ஒரு தலைமுறையின் இளமை முகமாக விளங்கியவர். பின்னர்த் திரையுலகை விட்டு விலகிப் பல ஆண்டுகள் கழித்து 'கடல்' (2013) வழியே திரும்பினார். நரைத்த தாடியோடு அவர் நீடாமங்கலம் பேருந்தில் அமர்ந்திருக்கும்போது, 1990களில் இளைஞராக இருந்த பார்வையாளர், அருள்மொழியின் அகவையோடு தம் அகவையையும் கணக்கிட்டுக்கொள்கின்றனர்.

மறதியின் மூன்று படங்கள்

பிரேம்குமார் ஒளிப்பதிவாளராகத் திரையுலகில் நுழைந்தவர். அவர் ஒளிப்பதிவு செய்த 'நடுவுல கொஞ்சம் பக்கத்த காணோம்' (2012), திருமணத்திற்குச் சற்று முன்னர்த் தலையில் அடிபட்டு அண்மைக்கால நினைவை இழந்த ஒருவனின் கதை. அது பிரேம்குமாருக்கே நேர்ந்த நிகழ்ச்சியிலிருந்து பிறந்தது. படத்தின் நாயகன் பெயரும் பிரேம்தான். அவர் இயக்கிய முதற் படமான '96' (2018) இதற்கு நேர்மாறானது. அதில் வரும் ராம் எதையும் மறக்க இயலாதவன். தஞ்சாவூர்ப் பள்ளியில் உடன்படித்த ஜானகியின் நினைவுகளை ஒன்றுவிடாமல் காத்து வைத்திருக்கிறான். 'மெய்யழகன்' மூன்றாவது நிலை: மறந்தோம் என்பதையே மறைத்து வாழ வேண்டிய நிலை.

மூன்றையும் அடுத்தடுத்து வைத்து நோக்கினால் ஒரு வளர்ச்சி புலப்படும். முதலாவதில் மறதி உடலுக்கு நேர்ந்த விபத்து, நகைச்சுவைக்குரியது. இரண்டாவதில் நினைவு ஒரு நோய்போல் வாழ்வை உறையவைக்கிறது. மூன்றாவதில் மறதி அறத்தின்பாற்பட்ட குற்றமாகிறது. '96' பெரிதும் விரும்பப்பட்ட படமாயினும், நடுவயதைப் பற்றிய படம் என்ற அளவில் 'மெய்யழகன்' அதனினும் ஆழமானது எனக் கருதுகிறோம். ராமுக்கு வயது கூடியதே அன்றி அவன் நடுவயதை அடையவில்லை. மனத்தளவில் பத்தாம் வகுப்பிலேயே நிற்கிறான். நடுவயதின் சுமை ஜானகிக்கே உண்டு. அவள் சிங்கப்பூரில் கணவனோடும் மகளோடும் வாழ்பவள். ஓர் இரவு கழிந்ததும் விமானம் ஏறியாக வேண்டியவள். அவளது சிங்கப்பூர் வாழ்வை இயக்குநர் நமக்குக் காட்டவே இல்லை.

பெயரும் முறையும்

படத்தின் உயிர்நாடிக்கு இனி வருவோம். அவ்விளைஞரின் பெயர் அருள்மொழிக்குத் தெரியாது, பார்வையாளருக்கும் தெரியாது. இது வெறும் மறைப்பு உத்தியாக மட்டும் இருந்திருப்பின் அரைமணி நேரத்தில் சலித்திருக்கும். அவ்வாறு ஆகாமைக்குக் காரணம் தமிழ் உறவுமுறையின் அமைப்பிலேயே உள்ளது.

தமிழில் இளையவர் மூத்தவரைப் பெயர்சொல்லி அழைப்பதில்லை. முறைச்சொல்லே விளிச்சொல்லாகிறது. அத்தான் என்று அழைப்பவருக்கு அத்தானின் பெயர் தேவையே இல்லை. மூத்தவரின் நிலை வேறு. அவர் இளையவரைப் பெயர்சொல்லியே அழைக்கவேண்டும். பெயர் தெரியாத மூத்தவர் 'தம்பி', 'வாப்பா' என்று சமாளிக்கலாமே ஒழிய, சொந்தக்காரரிடம் அது நெடுநேரம் செல்லாது. ஆகவே பெயரை அறிந்திருக்கும் பொறுப்பு இருவர்க்கும் பொதுவானதன்று, மூத்தவருக்கே உரியது. இளமை முழுவதும் பிறரால் பெயர்சொல்லி அழைக்கப்பட்டு வந்த ஒருவர், ஒரு கட்டத்தில் பிறரைப் பெயர்சொல்லி அழைக்கும் இடத்திற்கு நகர்கிறார். பாட்டியல் பெயரிடாது விட்ட அந்த நடுவயதை உறவுமுறை இவ்வாறே அடையாளப்படுத்துகிறது எனலாம்.

அருள்மொழி இந்த நகர்வைச் செய்யாதவர். பதின்ம வயதில் ஊரைவிட்டு வந்தபோது உறவுகளோடு கொண்ட சினத்தைக் காரணமாக வைத்து, உறவின் கணக்கையே மூடிவிட்டவர். இருபத்திரண்டு ஆண்டுகளில் அவருக்கு மனைவி, மகள், வேலை எல்லாம் அமைந்துவிட்டன. மூத்தவர் என்னும் தகுதி மட்டும் அமையவில்லை. நீடாமங்கலத்தில் அவர்மீது சொரியப்படும் அன்பு முழுவதும், தாம் ஏற்காத ஒரு தகுதிக்குச் செய்யப்படும் மரியாதையாக அவருக்குப் படுகிறது. புவனா பரிசுப் பெட்டியை மேடையிலேயே பிரித்து, அவர் கொண்டுவந்தவற்றை அவர் கையாலேயே அணிவிக்கச் செய்யும் காட்சியைப் பலரும் பாராட்டினர். அங்குக் கண்ணீர் வருவது இயல்பு. அதனினும் கூர்மையானது, இளைஞர் தம் வீட்டு மிதிவண்டியைப் பற்றிச் சொல்லும் இடம். அருள்மொழியின் குடும்பம் விட்டுச் சென்ற அந்தப் பழைய மிதிவண்டியால்தான் தம் குடும்பம் தலையெடுத்தது என்று அவர் சொல்கிறார். இழந்தவற்றை மட்டுமே எண்ணி வாழ்ந்தவருக்கு, தாம் விட்டுவந்த ஒன்று பிறர்க்கு வாழ்வாகியது என்னும் செய்தி மகிழ்ச்சியைத் தரவில்லை. தாங்கவொண்ணா நாணத்தையே தருகிறது. இவ்வளவு நன்றி பாராட்டுபவரின் பெயர்கூடத் தமக்குத் தெரியவில்லையே என்பதனாலேயே அவர் இருளில் வெளியேறுகிறார். ஜாக்ஸ் கூறிய இறப்பச்சம் இங்கு இல்லை. கடன்பட்டிருப்பதை அறியாமலே கடன்பட்டிருந்தோம் என்னும் அறிவே அருள்மொழியை நிலைகுலையச் செய்கிறது. சென்னை திரும்பிய பின்னும் அமைதியின்றித் தவித்து, இறுதியில் தொலைபேசியில் தம் மறதியை ஒப்புக்கொள்கிறார். படத்தின் தலைப்பாக நிற்கும் பெயர் அப்போதுதான் அவருக்குக் கிட்டுகிறது.

சங்க இலக்கியத்தில் இவ்வுணர்வின் இரு எல்லைகளையும் காணலாம். ஆண்டுகள் பலவாகியும் நரை தோன்றாமைக்குக் காரணம் கூறும் பிசிராந்தையார் (புறநானூறு 191), மனைவி, மக்கள், ஏவலர், வேந்தன், ஊரிலுள்ள சான்றோர் எனத் தம்மைச் சூழ்ந்தோரை வரிசைப்படுத்துகிறார். வயதின் அமைதி ஒருவரின் உள்ளத்தில் மட்டும் இல்லை, ஊரிலும் உள்ளது என்பது அதன் உட்கிடை. மறுபுறம், இளமையில் மடுவில் பாய்ந்து ஆடியதை நினைந்து, அந்த இளமை எங்கே என இரங்கும் முதியவரின் பாடல் (புறநானூறு 243). அதைப் பாடியவரின் இயற்பெயர் நமக்குக் கிட்டவில்லை. தாம் ஊன்றிய தண்டைக் குறித்துத் தாமே பாடிய தொடரால் தொடித்தலை விழுத்தண்டினார் என்றே வழங்கப்படுகிறார்.

படம் கடந்து செல்பவை

அருள்மொழிக்கு ஊர் உண்டு, அவ்வூரில் பெரிய வீடு இருந்தது, பறிபோனது. இந்த இழப்பின் அழகியல் எல்லார்க்கும் பொதுவானதன்று. ஊர் என்னும் சொல் தமிழகத்தில் சேரியைத் தன்னுள் அடக்காமலே நெடுங்காலம் வழங்கிவந்தது. ஊரைப் பிரிந்ததைத் துயராக எண்ணாதவர்களும், ஊரைவிட்டு வெளியேறியதையே விடுதலையாகக் கொண்டவர்களும் தமிழ்ச் சமுதாயத்தில் உண்டு. மலாயாவுக்குக் கப்பலேறியோருள்ளும் அத்தகையோர் பலர் இருந்தனர். படம் இதனை எண்ணிப்பார்த்ததாகத் தெரியவில்லை.

பெண்களின் நடுவயதும் அவ்வாறே கடந்துசெல்லப்படுகிறது. அருள்மொழியின் மனைவி ஹேமா பெரிதும் தொலைபேசிக் குரலாகவே வருகிறார். திருமண மண்டபத்தில் அவரைக் காணும் உறவுப்பெண் ஒருத்தி, அவரையே மணந்திருக்கலாம் என்பதுபோல், தன் மணவாழ்வின் கசப்பை ஓரிரு தொடர்களில் சொல்லிவிட்டுச் செல்கிறாள். தனியொரு திரைப்படத்துக்குரிய செய்தி அந்த ஓரிரு தொடர்களில் உள்ளது. இயக்குநர் அதை உணர்ந்தே அங்கு வைத்திருக்க வேண்டும். எனினும் அவளுக்கு ஓர் இரவு முழுதும் பேச ஆள் கொடுக்கவில்லை. அந்த வாய்ப்பு ஆண்கள் இருவர்க்கே கிடைக்கிறது.

ஊரும் தோட்டமும்: ஜொகூர் நோக்கு

மலேசியத் தமிழில் 'ஊர்' என்னும் சொல்லுக்கு ஒரு தனி வரலாறு உண்டு. மூத்த தலைமுறையினர் 'ஊருக்குப் போகிறேன்' என்றால் தமிழகத்துக்குப் போவதாகவே பொருள். இங்கேயே பிறந்து வளர்ந்தோருக்கு அச்சொல் வெறுமையாயிற்று. அதன் இடத்தைத் 'தோட்டம்' பிடித்துக்கொண்டது. எந்தத் தோட்டம் என்னும் வினா, எந்த ஊர் என்னும் வினாவின் வேலையைச் செய்தது. ஜொகூரில் கூலாய், லாயாங் லாயாங், குளுவாங், லாபிஸ், சிகாமட், கோத்தா திங்கி என நெடுகப் பரவியிருந்த கித்தாக் காடுகளில் லயத்து வீடுகளும், பிரட்டுக் களமும், ஆயாக் கொட்டகையும், கோயிலும், பள்ளியும் சேர்ந்ததே அவர்களின் ஊர்.

அவ்வூரில் இரத்த உறவு சிறிது. முறை கொண்டாடிய உறவு பெரிது. லயத்தில் அடுத்த வீட்டார் அனைவரும் மாமா, அத்தை, சித்தப்பா, அக்காள் என்றே அழைக்கப்பட்டனர். முறைச்சொல் போதாதவிடத்துப் பட்டப்பெயர் துணைசெய்தது. ஒருவரின் இயற்பெயர் கிராணியின் செக்ரோலிலும் அடையாள அட்டையிலும் மட்டுமே இருந்தது. அங்கும் எழுத்துப் பிழையோடு இருந்தது பலருக்கு. ஆகவே, ஒரே லயத்தில் பத்தாண்டு வாழ்ந்தவரின் பெயர் தெரியாமலே வளர்வது அங்கு இயல்பாக இருந்தது. ஊர் கலையாதவரை அது குறையாகத் தோன்றவும் இல்லை.

ஊர் கலைந்தது. ரப்பர் மரங்கள் செம்பனைக்கு இடம்விட்டன. தென் ஜொகூரில் செம்பனையும் பின்னர் வீடமைப்புப் பகுதிகளுக்கு இடம்விட்டது. 2006இல் தொடங்கப்பெற்ற இஸ்கந்தர் மேம்பாட்டுத் திட்டம் இம்மாற்றத்தை மேலும் விரைவுபடுத்தியது. மவுண்ட் ஆஸ்டின் என்னும் பெயரைக் கேட்கும் இன்றைய இளைஞருக்குக் கடைத்தொகுதிகளும் உணவகங்களுமே நினைவுக்கு வரும். அது தோட்டத்தின் பெயர் என்பது பெரியவர்களின் நினைவில் மட்டும் உள்ளது. ஜொகூரிலுள்ள ஏறத்தாழ 70 தமிழ்ப்பள்ளிகளுள் பல இன்றும் தோட்டப் பெயர்களைத் தாங்கி நிற்கின்றன. ரினி தோட்டத் தமிழ்ப்பள்ளி, தெப்ராவ் தோட்டத் தமிழ்ப்பள்ளி ஆகியவற்றின் மாணவருக்குப் பள்ளியின் பெயரிலுள்ள தோட்டம் ஒரு சொல்லே; இடமன்று.

தோட்டத்தில் பிறந்து 1980களிலும் 1990களிலும் அங்கிருந்து வெளியேறிய தலைமுறை இன்று நடுவயதில் உள்ளது. அவர்களுள் பலர் 1924இல் திறக்கப்பெற்ற ஜொகூர்ப் பாலத்தையோ 1998இல் திறக்கப்பெற்ற இரண்டாம் இணைப்புப் பாலத்தையோ கடந்து சிங்கப்பூருக்கு நாள்தோறும் வேலைக்குச் செல்கின்றனர். விடியுமுன் புறப்பட்டு இரவில் திரும்பும் வாழ்வில் உறவு கொண்டாட நேரம் இல்லை. பழைய தோட்டத்து மக்கள் ஒருவரையொருவர் காண்பது திருமண மண்டபங்களில், இறப்பு வீடுகளில், ஆண்டுக்கொருமுறை கோயில் திருவிழாவில். அங்கு யாரோ ஒருவர் தோளைத் தொட்டு, 'என்னைத் தெரிகிறதா?' என்கிறார். தெரிகிறது; பெயர்தான் வரவில்லை. அருள்மொழியின் தவிப்பு ஜொகூர்த் தமிழருக்கு விளக்கம் வேண்டாத ஒன்று.

ஆயினும் இருவர்க்கும் ஒரு பெரும் வேறுபாடு உண்டு. அருள்மொழி இழந்த வீடு தஞ்சையில் இன்னும் நிற்கிறது. பிறர் கையில் உள்ளது, அவ்வளவே. நீடாமங்கலத்துக்குப் பேருந்தும் உண்டு. தோட்டத்துத் தமிழருக்குத் திரும்பிச்சென்று நிற்பதற்கு வாசற்படி இல்லை. அவர்கள் ஊர் இன்று எஞ்சியிருப்பது மனிதர்களிடம் மட்டுமே. எனவே பெயரை மறத்தல் அவர்களைப் பொறுத்தவரை ஒருவரை மறப்பதோடு நின்றுவிடுவதில்லை. ஊரின் ஒரு மூலையும் உடன் மறைகிறது.

மலேசியத் தமிழ்த் திரைப்படங்கள் இவ்விழப்பை வேறு கோணத்தில் அணுகியுள்ளன. தீபக் குமரன் மேனனின் 'செம்மண் சாலை' (2005) தோட்ட வாழ்வைத் தோட்டத்தினுள்ளிருந்தே காட்டியது. சஞ்சய் குமார் பெருமாளின் 'ஜகாட்' (2015), தோட்டத்திலிருந்து பெயர்ந்து புறம்போக்குக் குடியிருப்பில் வாழும் குடும்பத்தை 1990களின் தொடக்கத்தில் நிறுத்தியது. மறு ஆண்டு நடந்த 28ஆவது மலேசியத் திரைப்பட விழாவில் சிறந்த மலேசியத் திரைப்படமாகத் தேர்வு பெற்றது. அது பன்னிரண்டு வயது அப்போயின் கதையாகவே பேசப்படுகிறது. அவன் தந்தை மணியத்தை மையமாக வைத்து மீண்டும் பார்க்குமாறு ஆசிரியர்களைக் கேட்டுக்கொள்கிறோம். கல்வி ஒன்றே வழியென்று மகனை அடித்துத் திருத்த முயலும் அம்மனிதர், தாம் அறிந்த உலகம் முடிந்துவிட்டதையும், புதிய உலகில் தமக்கு ஒரு தகுதியும் இல்லாமையையும் உணர்ந்தவர். அவருக்கு அருள்மொழியைப்போல் ஓர் இரவு முழுதும் பேசித்தீர்க்க வாய்ப்பு அமையவில்லை. அடியாகவே அவரது நெருக்கடி வெளிப்படுகிறது. அப்போயின் வயதினர் இன்று நாற்பதைக் கடந்துவிட்டனர் என்பதும் எண்ணத்தக்கது.

உறவுமுறைச் சொற்களைத் தொடக்கப்பள்ளியில் கற்பிக்கும் ஆசிரியர்கள் அவற்றைப் பட்டியலாகவே பெரிதும் கற்பிக்கின்றனர். அம்மாவின் உடன்பிறந்தவர் மாமா, அப்பாவின் உடன்பிறந்தவள் அத்தை என்னும் அளவில் பாடம் நின்றுவிடுகிறது. இப்படத்தையொட்டி ஒரு சிறு பயிற்சியை முன்வைக்க விரும்புகிறோம். ஜொகூர் மாணவர்கள் தம் பெற்றோரையோ தாத்தா பாட்டியையோ அணுகி, அவர்கள் வாழ்ந்த தோட்டத்தின் பெயரையும், லயத்தில் அண்டை வீடுகளில் இருந்தோரை எம்முறை சொல்லி அழைத்தனர் என்பதையும், அவரவர் இயற்பெயரையும் மூன்று வரிசைகளில் எழுதிவரச் செய்யலாம். முதல் இரு வரிசைகளும் விரைவில் நிரம்பும். மூன்றாம் வரிசையை நிரப்பப் பெற்றோர் யாரையேனும் தொலைபேசியில் அழைக்க நேரும். அவர் இன்னொருவரைக் கேட்டுச் சொல்வதாகக் கூறுவார். அதன் பின்னும் பெயர் கிடைக்காத கட்டங்களை வெறுமையாகவே விட்டுவருமாறு மாணவர்களிடம் சொல்லிவிடலாம்.